ஹவுசிங் போர்டு கடையும் ஏழு நாள் நோட்டீசும்

ஹவுசிங் போர்டு கடை ஏலத்துக்கு வருகிறது, எடுக்கலாமா என்று யாராவது அடிக்கடி போன் செய்கிறார்கள். வாடகை எவ்வளவு, டெபாசிட் எவ்வளவு, எதிரே பஸ் ஸ்டாப் இருக்கிறதா என்றெல்லாம் விசாரித்து வைத்திருப்பார்கள். ஓனர் யார் என்பதை மட்டும் யோசித்திருக்க மாட்டார்கள். யோசித்தவர்களும் அதை ஒரு பலமாகத்தான் சொல்வார்கள்: "கவர்மெண்டு இடம் சார், யாரு வந்து காலி பண்ணச் சொல்லப் போறா?"

வாடகை வழக்குகளிலேயே காலம் தள்ளுகிற வக்கீல் என்ற முறையில் நான் சொல்வது இதற்கு நேர் எதிர். தனியார் ஓனர் ஒரு கடைக்காரரைக் காலி செய்ய வைக்க வேண்டுமானால் கோர்ட்டுக்குப் போக வேண்டும், காரணம் சொல்ல வேண்டும், அதை நிரூபிக்க வேண்டும், அப்பீலில் காத்திருக்க வேண்டும். அரசு வாரியம் தன் ஆபீசில் இருக்கும் ஓர் அதிகாரியிடம் போனால் போதும். வாடகை கேட்பதும் அவர்கள், கூடுதலாகக் கேட்பதும் அவர்கள், கொடுக்கவில்லை என்று தீர்ப்புச் சொல்வதும் அவர்கள், கடைசியில் போலீஸோடு வந்து பூட்டுவதும் அவர்கள். இதை எழுதுவதற்குக் காரணம் யாரையும் பயமுறுத்துவது அல்ல. இந்த ஏற்பாடு எப்படி வந்தது, அதில் கடைக்காரருக்கு எங்கே பிடி இருக்கிறது என்று தெரியாமலேயே நிறைய பேர் நோட்டீஸ் கையில் வந்த பிறகு ஓடி வருகிறார்கள்.

முதலில் சட்டம். தனியார் கட்டடத்தில் கடை வைத்திருப்பவர்களுக்குத் தமிழ்நாட்டில் 1960-ம் ஆண்டு வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டம் ரொம்ப காலம் கைகொடுத்தது. 2019 பிப்ரவரியில் அது போய், 2017-ல் இயற்றிய புதிய சட்டம் அமலுக்கு வந்தது. ஒப்பந்தத்தை எழுத்தில் போடு, வாடகை அதிகாரியிடம் பதிவு செய் என்கிற சட்டம். வாடகைக்காரருக்குப் பழைய பாதுகாப்பில் பாதிகூட இதில் இல்லை என்பது என் கருத்து, அது வேறு கதை. ஆனால் அந்தப் பாதியும் ஹவுசிங் போர்டு கடைக்காரருக்குக் கிடையாது. அரசு, உள்ளாட்சி, அரசு நிறுவனங்கள், சட்டத்தால் அமைந்த வாரியங்கள் இவற்றின் இடங்களுக்கு இந்தச் சட்டம் பொருந்தாது என்று அதன் 3-வது பிரிவே சொல்லிவிடுகிறது. பழைய சட்டம் இருந்த காலத்திலும் அரசுக் கட்டடங்களுக்கு விலக்கு இருந்தது.

வீடு கட்டுகிற வாரியத்துக்குக் கடை எதற்கு? சென்னையில் இந்த வேலையை முதலில் செய்தது 1947-ல் ஆரம்பித்த சிட்டி இம்ப்ரூவ்மெண்ட் டிரஸ்ட், சி.ஐ.டி. நகர் என்ற பெயரில் அது இன்னும் இருக்கிறது. 1961-ல் வீட்டுவசதி வாரியம் வந்தது. அண்ணா நகர், கே.கே. நகர், அசோக் நகர், பெசன்ட் நகர் எல்லாம் அந்த வாரியம் மனை போட்டு வளர்த்த இடங்கள். அந்தக் காலத்தில் அவை ஊருக்கு வெளியே. ஐநூறு குடும்பத்தைக் கொண்டுபோய் அங்கே குடிவைத்தால் பால் வேண்டும், மளிகை வேண்டும், மாவு மில், சலூன், மருந்துக்கடை வேண்டும். அதனால் பிளாக்குகளுக்கு நடுவே வரிசையாகப் பத்துக்குப் பத்து கடைகளைக் கட்டிக் குறைந்த வாடகைக்கு விட்டார்கள். 1970-ல் வந்த குடிசை மாற்று வாரியமும் (2021-லிருந்து நகர்ப்புற வாழ்விட மேம்பாட்டு வாரியம்) தன் குடியிருப்புகளில் இதையேதான் செய்தது. கடை என்பது அன்று வருமானத்துக்காக அல்ல, குடிவந்தவர்களுக்கான வசதி. அப்புறம் ஊர் வளர்ந்து இந்தக் காலனிகளைத் தாண்டிப் போய்விட்டது. வெளியே சதுர அடிக்கு நூறு ரூபாய் வாடகை போகும் தெருவில் உள்ளே ஐந்து, பத்து ரூபாய்க்குக் கடை. சண்டை அங்கே ஆரம்பிக்கிறது.

இந்தச் சண்டையின் வேர் சென்னையில் இல்லை, பம்பாயில் இருக்கிறது. அங்கே வீட்டுவசதி வாரியத்தின் இடங்களுக்கு வாடகைச் சட்டத்திலிருந்து விலக்கு கொடுத்திருந்தார்கள். வாரியத்தின் வாடகைதாரர் ஒருவர் இது பாரபட்சம் என்று உச்ச நீதிமன்றத்துக்குப் போனார். தனியார் ஓனரிடம் இருப்பவனுக்குக் கிடைக்கிற பாதுகாப்பு எனக்கு ஏன் இல்லை என்ற நியாயமான கேள்விதான். 1954-ல் கோர்ட் அந்த விலக்கு செல்லும் என்றது. சொன்ன காரணத்தைச் சுருக்கமாகச் சொன்னால்: வாரியம் லாபத்துக்காக வீடு கட்டவில்லை, வீட்டுப் பஞ்சத்தைத் தீர்க்கத்தான் கட்டுகிறது, ஆகவே தனியார் முதலாளி மாதிரி வாடகையை ஏற்றிக் கசக்கிப் பிழியாது, அதனிடமிருந்து வாடகைக்காரரைக் காப்பாற்ற வேண்டிய தேவை இல்லை.

அரசு லாபம் பார்க்காது என்ற நம்பிக்கையின் மேல்தான் இந்த விலக்கு நிற்கிறது, அதை மனதில் வைத்துக்கொண்டு இன்றைக்கு வருகிற எந்த டிமாண்ட் நோட்டீசையும் படித்துப் பாருங்கள். 'தற்போதைய சந்தை மதிப்பின்படி' என்ற சொல் இல்லாத நோட்டீஸ் அபூர்வம். வாடகை ஏற்றும்போது வாரியம் சந்தையில் நிற்கிற ஓனர். அந்த ஏற்றம் அதிகம் என்று கேள்வி கேட்டால் உடனே அது அரசு. வாடகைச் சட்டம் தொடாது, சிவில் கோர்ட் தொடாது. எனக்கு இதில்தான் கோபம். சந்தை வாடகை கேட்பதே தப்பு என்று நான் சொல்லவில்லை. பொதுச் சொத்து, நல்ல வருமானம் வந்தால் இன்னும் நாலு குடும்பத்துக்கு வீடு கட்டலாம். ஆனால் சந்தை ஓனராக வாடகை கேட்கிறவர் சந்தை ஓனருக்குள்ள கட்டுப்பாட்டையும் ஏற்றுக்கொள்ள வேண்டும் இல்லையா? இரண்டு பக்க லாபமும் ஒருவருக்கே என்றால் எப்படி?

சரி, காலி செய்ய வைக்கும் முறைக்கு வருவோம். இதற்கு மத்திய அரசில் 1971-ம் ஆண்டு சட்டம், நாங்கள் பப்ளிக் பிரமிசஸ் ஆக்ட் என்போம். தமிழ்நாட்டுக்கு 1975-ல் அதே அச்சில் ஒரு சட்டம். போதாததற்கு 1961 வாரியச் சட்டத்துக்குள்ளேயே தனியாக வெளியேற்றும் அதிகாரம். நோட்டீஸ் வந்தால் முதல் வேலையாக அது எந்தச் சட்டத்தில், எந்தப் பிரிவில் வந்திருக்கிறது என்று பாருங்கள், ஏனென்றால் நாள் கணக்கு அதைப் பொறுத்தது. மத்தியச் சட்டத்தில் எஸ்டேட் ஆபீசர், அதாவது இந்த விசாரணையை நடத்தும் அதிகாரி, ஏன் வெளியேற்றக்கூடாது என்று கேட்கும் ஷோ காஸ் நோட்டீஸ் முதலில் கொடுக்க வேண்டும், பதில் சொல்லக் குறைந்தது ஏழு நாள். பிறகு விசாரணை, காரணம் சொல்லும் உத்தரவு. உத்தரவு ஒட்டிய பதினைந்து நாளில் காலி செய்யாவிட்டால் பலம் பிரயோகிக்கலாம். மாவட்ட நீதிபதியிடம் அப்பீல் போகப் பன்னிரண்டு நாள். எங்கள் தொழிலில் தொண்ணூறு நாளுக்குப் பழகிய வக்கீல்களே இந்தப் பன்னிரண்டைக் கோட்டை விட்டுவிடுவார்கள், கடைக்காரரை என்ன சொல்ல. நவராத்திரி லீவு நடுவில் வந்தால் தீர்ந்தது.

இந்தச் சட்டம் இப்படி ஆனதற்கும் ஒரு ஓட்டல்தான் காரணம். சண்டிகரில் அரசுக்குச் சொந்தமான மவுண்ட் வியூ ஓட்டலைக் குத்தகைக்கு எடுத்திருந்த கம்பெனியை பஞ்சாப் அரசு தன் மாநிலச் சட்டத்தின்கீழ் வெளியேற்றப் பார்த்தது. அரசு விரும்பினால் சிவில் கோர்ட்டுக்கும் போகலாம், விரும்பினால் இந்தக் குறுக்கு வழியிலும் வரலாம், யாரை எந்த வழியில் அனுப்புவது என்று அரசே முடிவு செய்யும் என்றால் அது சமத்துவத்துக்கு விரோதம் என்று 1967-ல் உச்ச நீதிமன்றம் அந்தப் பஞ்சாப் சட்டத்தின் முக்கியப் பிரிவையே ரத்து செய்தது. அரசு என்ன செய்தது தெரியுமா? குறுக்கு வழியை விடவில்லை, சிவில் கோர்ட் வழியை அடைத்தது. 1971 சட்டத்தில் சிவில் கோர்ட்டுக்கு அதிகாரமே கிடையாது என்று போட்டார்கள். ஒரே வழிதான் இருக்கிறது, பாரபட்சம் எங்கே என்று கேட்கலாம் அல்லவா? அப்புறம் 1974-ல் பம்பாய் மாநகராட்சியின் இடம் பற்றிய மகன்லால் சகன்லால் வழக்கில் ஏழு நீதிபதிகள் உட்கார்ந்து, 1967 தீர்ப்பே சரியில்லை, பொதுச் சொத்தைச் சீக்கிரம் மீட்கத் தனி வழி இருப்பதில் தப்பில்லை என்று சொல்லிவிட்டார்கள். 1990-ல் அசோகா மார்க்கெட்டிங் வழக்கில் ஐந்து நீதிபதிகள் கடைசிக் கதவையும் சாத்தினார்கள்: வாடகைச் சட்டமும் இந்தச் சட்டமும் மோதினால் இதுதான் ஜெயிக்கும், குத்தகை முடிந்த பிறகும் உட்கார்ந்திருக்கும் பழைய வாடகைதாரரும் 'அனுமதியற்றவர்' கணக்கில்தான் வருவார். முப்பது வருஷம் வாடகை கட்டியவரும் நேற்று இரவு பூட்டை உடைத்து நுழைந்தவரும் ஒரே பிரிவில்.

இந்தச் சட்டத்தை நியாயமான வாடகைதாரர்கள்மேல் ஏவாதீர்கள், அதிக வாடகைக்கு வேறு ஆளைக் கொண்டுவரும் நோக்கத்தில் பயன்படுத்தாதீர்கள் என்று மத்திய அரசே 2002-ல் தன் நிறுவனங்களுக்கு வழிகாட்டுதல் வெளியிட்டது. நல்ல வாசகங்கள். அதற்குச் சட்டபலம் இல்லை, அறிவுரை மட்டுமே என்று 2011-ல் தீர்ப்பு வந்துவிட்டது. இன்றும் கடைக்காரர்கள் அதை வாட்ஸப்பில் அனுப்பி 'இத வச்சு ஸ்டே வாங்கிடலாமா சார்' என்கிறார்கள். மனுவில் ஒரு பத்தியாகச் சேர்க்கலாம், அவ்வளவுதான்.

இனி ஒரு கேஸ். எந்த ஊர், எந்த அமைப்பு என்பது வேண்டாம். மளிகைக்கடை அண்ணாச்சி ஒருவர், அப்பா காலத்துக் கடை. அப்பா பெயரில் அலாட்மெண்ட். அப்பா போன பிறகும் ரசீது அப்பா பெயரிலேயே வந்துகொண்டிருந்தது, இவர் கட்டிக்கொண்டிருந்தார். வந்த நோட்டீஸ் இரண்டு பக்கம். முதல் பக்கத்தில், அலாட்மெண்ட் பெற்றவர் இறந்துவிட்டதாலும் அனுமதிக் காலம் முடிந்துவிட்டதாலும் நீங்கள் அனுமதியற்றவர், ஏன் வெளியேற்றக்கூடாது என்று ஏழு நாளில் சொல்லவும். இரண்டாவது பக்கத்தில், பல வருஷத்துக்கு முன்பிருந்தே வாடகை திருத்தப்பட்டிருக்கிறது, வித்தியாசமும் வட்டியும் சேர்த்துப் பதினோரு லட்சத்துச் சொச்சம். அவர் கட்டிக்கொண்டிருந்த வாடகை மாதம் நாலாயிரத்து நூறு. "ஒரு மாசம்கூட பாக்கி வச்சதில்லையே தம்பி, பாக்கின்னு எப்படிப் போடுவான்?" என்று அதையேதான் திரும்பத் திரும்பக் கேட்டார். காலி செய்யச் சொன்னதைவிடத் தன்னைக் கடன்காரன் ஆக்கியதுதான் அவருக்குப் பொறுக்கவில்லை.

ரசீதுகளைக் கேட்டேன். மஞ்சப்பையில் கொண்டுவந்தார். கல்லாவுக்கு மேலே கொக்கிக் கம்பியில் குத்தி வைத்த ரசீதுகள், வருஷக்கணக்கில். துருப்பிடித்த ஓட்டை எல்லாத் தாளிலும் நடுவில், சிலவற்றில் சரியாகத் தேதியின் மேலேயே. ஒவ்வொன்றாகப் பிரித்து அடுக்கிக்கொண்டு வந்தபோது ஒரு குறிப்பிட்ட மாதத்திலிருந்து ரசீதின் அடியில் ஊதா மையில் சின்ன முத்திரை: 'வாரியத்தின் உரிமைகளுக்குப் பாதகமின்றிப் பெறப்பட்டது'. அதற்கு மேலே 'வாடகை' என்ற தலைப்பை அடித்துவிட்டுப் 'பயன்பாட்டு இழப்பீடு' என்று கையால் எழுதியிருந்தது. அண்ணாச்சி அதைக் கவனித்ததே இல்லை. யார்தான் கவனிப்பார்கள், கவுண்டரில் காசைக் கொடுத்துவிட்டு ரசீதை மடித்துப் பையில் வைப்பதுதானே வழக்கம். ஆனால் கேஸே அங்கேதான். குத்தகைக் காலம் முடிந்த பிறகும் ஓனர் வாடகையை வாடகையாகவே வாங்கிக்கொண்டிருந்தால், குத்தகை மாதாமாதம் தொடர்வதாக சொத்துரிமை மாற்றுச் சட்டத்தின் 116-வது பிரிவை வைத்து வாதாடலாம். அந்த வாதத்தை முன்கூட்டியே உடைக்கத்தான் அந்த ஊதா முத்திரை. ஆபீசில் யாரோ ஒரு கெட்டிக்காரர் அதற்கான வேலையைப் பல வருஷம் முன்பே தொடங்கிவிட்டார்.

எங்களுக்குக் கைகொடுத்தவை இரண்டு. ஒன்று, பெயர் மாற்றம் கேட்டு அவர் தபால் பிரிவில் கொடுத்திருந்த பழைய மனுவின் நகல், ஆபீஸ் சீலோடு. பதில் வரவில்லை, ஆனால் கேட்டிருக்கிறார். அவர் ஒளிந்துகொண்டு உட்காரவில்லை, வாரியம்தான் பதில் சொல்லவில்லை என்று காட்ட அந்த சீல் போதும். இன்னொன்று 1976-ல் வந்த புதுடெல்லி நகராட்சி வழக்கு. பிரிவினையில் வந்த அகதி ஒருவருக்கு டெல்லி இர்வின் ரோட்டில் ஒரு ஸ்டால் கொடுத்திருந்தார்கள். பல வருஷத்துக் கட்டண பாக்கியைக் கேட்டு எஸ்டேட் ஆபீசர் மூலம் வசூலிக்க வந்தபோது, சிவில் கோர்ட்டில் கேட்டால் காலாவதி ஆகியிருக்கும் தொகையை இந்தக் குறுக்கு வழியில் கேட்க முடியாது என்றது உச்ச நீதிமன்றம். வாடகை பாக்கிக்கு மூன்று வருஷம்தான் காலவரம்பு. அண்ணாச்சியின் பதினோரு லட்சத்தில் பெரும்பகுதி அந்த மூன்று வருஷத்துக்கு அப்பால் இருந்தது.

விசாரணை நடந்த அறை டிமாண்ட் நோட்டீஸ் தயாரித்த பிரிவுக்கு அடுத்த அறை. அந்தப் பிரிவின் கிளார்க்கே கோப்பை எடுத்துக்கொண்டு வந்து அதிகாரி பக்கத்தில் நின்றார். அதிகாரி நல்ல மனிதர், எங்கள் பேச்சை முழுதாகக் கேட்டார், காலாவதியான தொகையை நீக்கவும் செய்தார். ஆனால் வெளியேற்றும் உத்தரவைப் போட்டார். எனக்கு அவர்மேல் வருத்தம் இல்லை. மேலதிகாரி கையெழுத்துப் போட்டு அனுப்பிய கோப்பை, அதே கட்டடத்தில் சம்பளம் வாங்குகிற ஒருவர் எப்படித் தள்ளுபடி செய்வார்? பத்தில் ஒருவர் செய்யலாம். அந்த ஒருவர் நம் கேஸில் வருவார் என்று நம்பி ஃபீஸ் வாங்க முடியாது. எஸ்டேட் ஆபீசர் வேறு துறையிலிருந்து வர வேண்டும், முடிந்தால் ஓய்வுபெற்ற மாவட்ட நீதிபதியாக இருக்க வேண்டும். வாரியங்களுக்கு இதனால் நஷ்டம் ஒன்றும் இல்லை, அவர்கள் உத்தரவுகள் அப்பீலில் நிற்கிற எண்ணிக்கை கூடத்தான் செய்யும்.

அப்பீலில் ஸ்டே கிடைத்தது, நிபந்தனையோடு. இந்த நிபந்தனையைப் பற்றிக் கட்டாயம் சொல்ல வேண்டும், ஏனென்றால் 'ஸ்டே வாங்கி இழுத்துவிடலாம்' என்ற பழைய கணக்கு இப்போது செல்லாது. 2004 டிசம்பரில் ஆத்மா ராம் பிராப்பர்ட்டீஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது: வெளியேற்றும் உத்தரவு வந்த பிறகும் இருக்க வேண்டுமானால் பழைய வாடகை கொடுத்தால் போதாது, அந்த இடத்துக்கு இன்றைக்கு என்ன கிடைக்குமோ அதைக் கட்டச் சொல்லலாம். அது டெல்லி கன்னாட் சர்க்கஸில் ஒரு ஷோரூம், தனியார் இடம். வாடகை மாதம் 371 ரூபாய் 90 பைசா. ஸ்டேக்கு விதித்த தொகை மாதம் 15,000 ரூபாய். அன்றிலிருந்து எல்லா ஓனர்களும், வாரியங்கள் உட்பட, இந்தத் தீர்ப்பைத்தான் முதல் பக்கத்தில் வைக்கிறார்கள். ஸ்டே வாங்கிவிட்டு அந்த மாதத் தொகையைக் கட்ட முடியாமல் தானாகவே சாவியைக் கொடுத்தவர்கள் உண்டு.

ஹைகோர்ட்டில் நேராக ரிட் மனு போடலாமே என்பீர்கள். போடலாம், சில விஷயங்களுக்கு அது நல்ல ஆயுதம். 1989-ல் துவாரகாதாஸ் மர்பாத்தியா வழக்கில், பம்பாய் துறைமுக டிரஸ்ட்டுக்கு வாடகைச் சட்டத்திலிருந்து விலக்கு உண்டு, ஆனால் விலக்குப் பெற்ற பொது அமைப்பு தன் வாடகைதாரரிடம் நியாயமாக நடந்துகொள்ள வேண்டும், அதன் நடவடிக்கையில் பொதுநலன் இருக்க வேண்டும், கோர்ட் அதைப் பார்க்கலாம் என்று சொன்னது உச்ச நீதிமன்றம். பிரமாதமான வரிகள். அந்த வழக்கிலேயே வாடகைதாரர் தோற்றார், அதையும் சேர்த்துத்தான் சொல்ல வேண்டும். நியாயமாக நடக்கவில்லை என்று நிரூபிக்க வேண்டியது வாடகைதாரர் பொறுப்பு, அதற்கான கோப்போ வாரியத்தின் அலமாரியில். ஆர்.டி.ஐ. போட்டுத்தான் எடுக்க வேண்டும்.

நடைமுறையில் பெரும்பாலான ரிட்டுகளின் முடிவு உங்களுக்கே தெரிந்திருக்கும்: மனுதாரரின் கோரிக்கையைச் சட்டப்படி பரிசீலித்து எட்டு வாரத்தில் தக்க உத்தரவு பிறப்பிக்கவும், கோரிக்கையின் தகுதி பற்றி இந்த நீதிமன்றம் எதுவும் கூறவில்லை. கடைக்காரர் ஜெயித்துவிட்டோம் என்று ஸ்வீட் பாக்ஸ் கொண்டுவருவார். எட்டு வாரம் கழித்து வாரியம் பரிசீலித்து, நிராகரித்து, காரணங்களோடு முன்னைவிடக் கெட்டியான உத்தரவு ஒன்றை அனுப்பும்.

ஆனால் ஒன்றில் கோர்ட்டுகள் விட்டுக்கொடுப்பதே இல்லை, அது பூட்டு. முறைப்படி உத்தரவு இல்லாமல் ராத்திரியோடு ராத்திரியாகக் கடையைச் சீல் வைத்தால், சரக்கை எடுத்து வெளியே போட்டால், அதைத் தாராளமாக எதிர்க்கலாம். 1961-ல் பஞ்சாபில் பர்னாலா என்ற ஊரில் அரசு நிலத்தில் ஒரு தர்மசாலையும் கோயிலும் கடைகளும் கட்டியிருந்தவர்களை அதிகாரிகள் பலவந்தமாக வெளியேற்றியபோது, இடம் அரசுடையதாகவே இருக்கட்டும், சட்டப்படி இல்லாமல் அதிகாரிகள் கைவைப்பது சட்ட ஆட்சிக்கே கேடு என்று உச்ச நீதிமன்றம் கடுமையாகச் சொன்னது. அறுபது வருஷம் ஆகியும் அந்தத் தீர்ப்பைக் காட்டினால் வேலை செய்கிறது. சீல் வைத்தால் உடனே போட்டோ எடுங்கள், சரக்குப் பட்டியல் எழுதுங்கள், அழுகும் பொருள் இருந்தால் அதைத் தனியாகக் குறிப்பிட்டு அன்றைக்கே எழுத்தில் கொடுங்கள்.

லைசென்ஸா (வெறும் அனுமதி) லீசா (உரிமையோடு கூடிய குத்தகை) என்ற பழைய சண்டையை நீட்ட விரும்பவில்லை. வாரியம் கொடுக்கும் தாளில் 'தற்காலிக அனுமதி', 'எப்போது வேண்டுமானாலும் ரத்து செய்யலாம்', 'பதினோரு மாதம்' என்றுதான் இருக்கும். தாளின் தலைப்பைப் பார்க்காதே, தனி உரிமையாகக் கடையைக் கொடுத்திருக்கிறார்களா என்று பார் என்று டெல்லி இம்பீரியல் ஓட்டலில் சலூன் வைத்திருந்தவர் வழக்கில் 1959-லேயே உச்ச நீதிமன்றம் வழி காட்டியிருக்கிறது. சாவி உங்களிடம், ஷட்டர் உங்களுடையது, கரண்ட் கனெக்ஷன் உங்கள் பெயரில் என்றால் லீஸ் என்று வாதாட இடம் உண்டு. ஆனால் ஒரு வருஷத்துக்கு மேல் என்று சொல்கிற லீஸ் பதிவு செய்யப்படவில்லை என்றால் அது மாதாந்திரக் குத்தகைதான், பதினைந்து நாள் நோட்டீசில் முடியும். ஜெயித்தாலும் லாபம் அவ்வளவுதான்.

இதுவரை கடைக்காரர் பக்கம் பேசினேன். உள்வாடகையைப் பற்றிப் பேசாவிட்டால் ஒருதலைப்பட்சமாகிவிடும். வாரியத்துக்கு மூவாயிரம் கட்டிவிட்டு, அதே கடையை இருபத்தைந்தாயிரத்துக்கு வேறொருவருக்கு விட்டுவிட்டு ஊரில் உட்கார்ந்திருக்கிற அலாட்டிகளை எனக்கு நன்றாகத் தெரியும். சிலர் என் கட்சிக்காரர்களாகவே இருந்திருக்கிறார்கள். ஒரே குடும்பத்தில் நாலு பெயரில் நாலு கடை, நடுச்சுவரை இடித்து ஒரே சூப்பர் மார்க்கெட். நடைபாதையை அடைத்து ஷெட். இவர்கள்தான் சங்கக் கூட்டத்தில் 'ஏழை வியாபாரிகள் வயிற்றில் அடிக்கிறார்கள்' என்று மைக் பிடிப்பவர்கள். நோட்டீஸ் வந்தால் அடிபடுவதோ பெரும்பாலும் உண்மையில் கல்லாவில் உட்கார்ந்திருக்கிற உள்வாடகைக்காரர். அவருக்கு வாரியத்தோடு எந்தத் தாளும் இல்லை, விசாரணையில் அவர் யார் என்றே பதிவாகாது, குட்வில் என்று கொடுத்த லட்சங்களுக்கு ரசீதும் இருக்காது. அப்படி ஒரு கடையை யாராவது உங்களுக்குக் காட்டினால் வேண்டாம் என்று சொல்லிவிட்டு வாருங்கள். இடம் எவ்வளவு நன்றாக இருந்தாலும் சரி.

வரி விஷயம் ஒரு வரியில்: 2007 ஜூனிலிருந்து கடை வாடகைக்கு சேவை வரி வந்தது, டெல்லி ஹைகோர்ட் செல்லாது என்றதும் 2010-ல் பின்தேதியிட்டுச் சரிசெய்தார்கள், இப்போது 18 சதவீத ஜி.எஸ்.டி. பழைய வரி பாக்கி என்று ஒரு தொகை வந்தால் எந்தக் காலத்துக்கு, எந்தச் சட்டப்படி என்று பிரித்துக் கேளுங்கள், மொத்தமாக ஒத்துக்கொள்ளாதீர்கள்.

இப்போது அதிகம் வருவது வேறு வகைக் கேஸ். பழைய பிளாக்குகளை இடித்துவிட்டுப் புதிதாக அடுக்குமாடி கட்டுகிறார்கள். கட்டடம் உண்மையிலேயே மோசமாகத்தான் இருக்கிறது, கம்பி வெளியே தெரிகிறது, பால்கனி எப்போது விழும் என்று தெரியாது. இடிக்கக் கூடாது என்று எந்த மனசாட்சியுள்ள வக்கீலும் வாதாட மாட்டார். வீட்டில் இருப்பவர்களுக்குக் கணக்கெடுப்பு உண்டு, பயனாளிப் பட்டியல் உண்டு, திரும்பி வர டோக்கன் உண்டு. தரைத்தளத்தில் கடை வைத்திருப்பவர் அந்தப் பட்டியலில் பெரும்பாலும் இருப்பதில்லை. 'கட்டி முடிச்சதும் உங்களுக்குத்தான் முன்னுரிமை' என்று ஒரு அதிகாரி வாய்வார்த்தையாகச் சொல்வார், நல்ல எண்ணத்தில்தான் சொல்வார், கட்டி முடிக்கும்போது அவர் மாற்றலாகிப் போயிருப்பார். புதிய வளாகத்தில் கடைகள் பொது ஏலத்துக்கு வரும். ஏலம்தான் நியாயம் என்று கோர்ட்டும் சொல்லும், பொதுச் சொத்து என்பதால் அதில் தப்பும் சொல்ல முடியாது.

ஆகவே இடிப்புப் பேச்சு காதில் விழுந்த நாளிலேயே, சாவி உங்கள் கையில் இருக்கும்போதே, கடைக்காரர்கள் எல்லோரும் சேர்ந்து எழுத்தில் கேளுங்கள்: கணக்கெடுப்பில் கடைகளையும் சேர்க்க வேண்டும், புதிய கட்டடத்தில் இத்தனை சதுர அடி, ஏலத்தில் வரும் உச்ச விலையைக் கொடுக்கப் பழைய கடைக்காரருக்கு முதல் வாய்ப்பு. பதில் வராவிட்டால் அந்தக் கட்டத்தில் போடுகிற ரிட்டுக்கு அர்த்தம் இருக்கிறது, ஏனென்றால் அங்கே நீங்கள் யாரையும் தடுக்கவில்லை, பட்டியலில் பெயர்தான் கேட்கிறீர்கள். கடையைக் காலி செய்து கொடுத்த பிறகு வந்தால் என்னால் ஒரு மனு எழுதித் தர முடியும், அதற்கு எட்டு வாரப் பரிசீலனை உத்தரவு வாங்கித் தர முடியும்.

போன் செய்பவர்களுக்குக் கடைசியாக: ஏலத்தில் கடை எடுப்பதில் தப்பில்லை. அலாட்மெண்ட் உத்தரவில் வாடகை எத்தனை வருஷத்துக்கு ஒருமுறை, எத்தனை சதவீதம் ஏறும், இறந்தால் வாரிசுக்கு மாறுமா என்ற இரண்டும் எழுதியிருக்கிறதா என்று பாருங்கள். இல்லை என்றால் டெபாசிட் கட்டும் முன்பே கேட்டு எழுதி வாங்குங்கள்.